கையெழுத்துப் போட்டுவிட்டால் சம்மதம் ஆகிவிடுமா?

கேள்வி: வெப் சீரிஸில் நாயகி வேடம் என்று அழைத்தார்கள். ஒப்பந்தத்தைப் படிக்க விடாமல் கையெழுத்து வாங்கினார்கள். இரண்டாம் நாள், ஆபாசக் காட்சியில் நடிக்காவிட்டால் 5 லட்சம் ரூபாய் அபராதம் என்று மிரட்டிப் படம் பிடித்தார்கள். இன்னொரு படத்துக்கு வரவில்லையென்றால் அதை இணையத்தில் ஏற்றுவோம் என்கிறார்கள். வீடியோவில் நான் சிரிக்கிறேன், யார் நம்புவார்கள்? என் மேலேயே வழக்கு வருமா?
- பெயர் வேண்டாம், சென்னை

பதில்: முதலில் அந்த 5 லட்சத்தை மனதிலிருந்து இறக்கி வையுங்கள். ஆபாசப் படம் எடுத்து வெளியிடுவது இங்கே குற்றம். குற்றம் செய்வதற்காகப் போட்ட ஒப்பந்தம், 1872-ம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 23-வது பிரிவின்படி செல்லாது. அதை வைத்து உங்களிடம் அபராதம் வசூலிக்க முடியாது.

அந்தச் சிரிப்புதான் உங்களை அதிகம் வதைக்கிறது என்று தெரிகிறது. 1972-ல் அமெரிக்காவில் வெளியாகி வசூலைக் குவித்த ஓர் ஆபாசப் படத்தின் நாயகி லிண்டா போர்மன். கணவர் அடித்தும் துப்பாக்கியைக் காட்டியும் தன்னை நடிக்க வைத்தார் என்று 1980-ல் அவர் சொன்னார். பலர் நம்பவில்லை. அடிபட்ட தடயங்கள் அந்தப் படத்திலேயே தெரிகின்றன என்று அவரே சுட்டிக்காட்ட வேண்டியிருந்தது. ஆனால் 2020 ஜனவரியில் அமெரிக்காவின் சான் டியாகோ நீதிமன்றத்தில், தங்களை ஏமாற்றி ஆபாசப் படம் எடுத்த இணையதளத்தார் மேல் வழக்குப் போட்ட 22 பெண்கள் ஜெயித்தார்கள். அவர்கள் விஷயத்திலும் கையெழுத்து இருந்தது, வீடியோ இருந்தது. ஏமாற்றி வாங்கிய சம்மதம் என்று சொல்லி, சுமார் 1.27 கோடி டாலர் தரும்படி நீதிபதி உத்தரவிட்டார். நம் நாட்டுக் குற்றவியல் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 28-வது பிரிவும் பயத்தில் கொடுத்த சம்மதத்தைச் சம்மதமாக ஏற்பதில்லை.

உங்கள் மேல் வழக்கு வரும் என்று பயந்து ஒதுங்காதீர்கள். தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67ஏ பிரிவு, இப்படிப்பட்ட வீடியோவை வெளியிடுபவர்களையும் பரப்புபவர்களையும் குறிவைக்கிறது. முதல் முறைக்கே 5 ஆண்டு வரை சிறை. ஏற்றிவிடுவேன் என்று மிரட்டுவது தனிக் குற்றம். படப்பிடிப்பில் உங்கள் உடம்புக்கு என்ன நேர்ந்தது என்று நீங்கள் எழுதவில்லை. நான் கேட்கவும் மாட்டேன். ஆனால் கட்டாய உறவு நடந்திருந்தால் அது பாலியல் வன்கொடுமை. பெண் போலீஸ் அதிகாரியிடம் அதை மறைக்காமல் சொல்லுங்கள். அந்த வழக்கில் உங்கள் பெயரை யாரும் வெளியிடக் கூடாது.

வாட்ஸ்அப் மெசேஜ், வாய்ஸ் நோட், முன்பணம் வந்த வங்கிக் கணக்கு விவரம் எதையும் அழிக்காதீர்கள். படப்பிடிப்பு எங்கே நடந்திருந்தாலும் எந்தக் காவல் நிலையத்திலும் புகார் கொடுக்கலாம். வக்கீல் செலவை நினைத்துத் தயங்க வேண்டாம். வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல் பெண்களுக்கு இலவச வக்கீல் உண்டு. 15100 என்ற சட்ட உதவி எண்ணுக்குக் கூப்பிடுங்கள். மிரட்டியவர்கள் மறுபடி போன் செய்தால் வருகிறேன் என்றோ பணம் தருகிறேன் என்றோ சொல்லிவிடாதீர்கள். அப்புறம், இன்றைக்கே புகாரை எழுதிவிடுங்கள். வீடியோ இன்னும் வெளியே வரவில்லை.