சீல் நோட்டீஸ் கொடுத்தும் மாநகராட்சி அசையவில்லை என்றால்

பக்கத்து வீட்டுக்காரர் அனுமதியில்லாமல் மூன்றாவது மாடி எழுப்பிவிட்டார், சென்னை மாநகராட்சி சீல் நோட்டீஸ் கொடுத்து எட்டு மாதமாகியும் ஒன்றும் நடக்கவில்லை, உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அதிகாரிகளைக் கடமையைச் செய்யச் சொல்லிக் கேட்கும் மனு) போடலாமா என்று கேட்டிருந்தீர்கள். தாராளமாகப் போடலாம். ஆனால் அதற்கு முன் ஆணையருக்கு ஒப்புகையோடு ஒரு மனு அனுப்புங்கள். மனுவே கொடுக்காமல் போனால் நீதிபதி கேட்கும் முதல் கேள்வியே அதுதான்.

கூடவே ஆர்.டி.ஐ.யில் (தகவல் அறியும் உரிமைச் சட்டம்) மூன்றைக் கேளுங்கள்: அனுமதி பெற்ற வரைபடம், நோட்டீஸ் நகல், 1971 நகர் ஊரமைப்புச் சட்டத்தின் 80-ஏ பிரிவில் பக்கத்து வீட்டுக்காரரின் மேல்முறையீடு அரசிடம் இருக்கிறதா என்ற விவரம். மூன்றாவதுதான் முக்கியம். நோட்டீஸ் வாங்கியவர்கள் பெரும்பாலும் ஓடி ஒளியும் இடம் அந்த மேல்முறையீடு. "அரசிடம் நிலுவையில் உள்ளது" என்று மாநகராட்சியும் கையை விரித்துவிடும். அப்படி இருந்தால் வீட்டுவசதித் துறைச் செயலாளரையும் எதிர்மனுதாரராகச் சேர்த்து, காலக்கெடுவோடு முடிக்கச் சொல்லிக் கேளுங்கள். பக்கத்து வீட்டுக்காரரையும் சேர்க்க மறக்காதீர்கள். அவரைக் கேட்காமல் வாங்கும் உத்தரவு நிற்காது.

"மனுவைப் பரிசீலிக்க உத்தரவிட வேண்டும்" என்று மட்டும் கேட்டால் பரிசீலித்துக்கொண்டே இருப்பார்கள், அதில் அவர்கள் கில்லாடிகள். நோட்டீஸ்மீது நடவடிக்கை எடுக்கச் சொல்லிக் கேளுங்கள். மெத்தனம் காட்டும் அதிகாரிகள்மீது துறை நடவடிக்கை வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2024 டிசம்பர் 17 அன்று ராஜேந்திர குமார் பர்ஜாத்யா வழக்கில் சொன்னதையும் வக்கீலிடம் காட்டுங்கள். உத்தரவு கிடைத்தும் அசையாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு, ஒரு வருடத்துக்குள்.