துயர நாடகங்களைப் பிள்ளைகளுக்குக் கதையாக எழுதும்போது முடிவை மாற்றலாமா?

கேள்வி: பாளையங்கோட்டையில் ஒரு பள்ளி நூலகத்துக்காக, 10 முதல் 13 வயதுப் பிள்ளைகள் வாசிக்க, 'லியர் அரசன்', 'ஆன்டிகனி' போன்ற நாடகங்களைத் தமிழில் கதையாகச் சுருக்கி எழுதுகிறோம். சாவில் முடிவதை மாற்றலாமா? எதை வைக்க வேண்டும், எதை விட வேண்டும்?

பதில்:

முடிவை மாற்றாதீர்கள். அதை ஒருவர் செய்து பார்த்தாயிற்று. 1681-இல் நேஹம் டேட் என்ற நாடகாசிரியர், ஷேக்ஸ்பியரின் லியரில் சாகும் கடைசி மகள் கார்டிலியாவைப் பிழைக்க வைத்து, கிளாஸ்டர் பிரபுவின் மகன் எட்கருக்குக் கல்யாணமும் பேசி முடித்தார். 1838-இல் மேக்ரெடி என்ற நடிகர் மூல நாடகத்தை மேடைக்குத் திரும்பக் கொண்டுவரும் வரை, 150 ஆண்டுகளுக்கு மேல் இங்கிலாந்து மேடையில் பெரும்பாலும் டேட்டின் கதைதான் ஓடியது. அந்தக் கதையில், முதல் காட்சியில் புகழ்ச்சிப் பேச்சை நம்பி மூத்த மகள்கள் இருவருக்கும் நாட்டைக் கொடுத்து, கார்டிலியாவை விரட்டிய லியரின் தப்புக்கு விலையே கிடையாது.

நம் பக்கத்துப் பிள்ளைகளுக்குத் துயரக் கதை புதிதும் அல்ல. கோயில் கொடையில் வில்லடிக்கும்போது, முத்துப்பட்டன் மாடு மீட்கப் போய்ச் சாவான் என்று தெரிந்துதான் விடிய விடிய உட்கார்ந்திருக்கிறார்கள். முடிவு தெரிந்த கதையை எங்கே நிறுத்தி, எங்கே ஓட்டிச் சொல்வது என்பதுதான் வில்லுப்பாட்டுப் புலவரின் திறமை. நீங்கள் கற்றுக்கொள்ள வேண்டியதும் அதுதான்.

லியருக்கு 2,500 சொல் போதும். வாய்விட்டு வாசித்தால் ஏறக்குறைய 25 நிமிடம், ஒரு பாடவேளைக்குள் அடங்கும். பலரும் இதை ஐந்து அங்கத்துக்கும் தலா 500 என்று சமமாகப் பிரித்துவிடுகிறார்கள். அப்புறம் கதை முழுக்க 'பிறகு', 'பிறகு' என்று ஓடும், எந்த இடமும் நெஞ்சில் நிற்காது. நாட்டைப் பிரிக்கும் காட்சிக்கு 600, வீரர்களைக் குறைக்கும் காட்சிக்கு 600, புயலுக்கு 400, கடைசிக் காட்சிக்கு 500 என்று ஒதுக்குங்கள். மிச்சமுள்ள 400 சொல்லில் மற்ற எல்லாவற்றையும் கடந்துவிடலாம்.

வீரர்களைக் குறைக்கும் காட்சியைத்தான் எழுதுபவர்கள் முதலில் வெட்டுகிறார்கள். வெட்டவே கூடாது. லியர் 100 வீரர்களைத் தன்னோடு வைத்துக்கொள்வதாகப் பேச்சு. மூத்தவள் கானரில் அதை 50 ஆக்குகிறாள். இரண்டாவது மகள் ரீகன் வீட்டுக்குப் போனால், 25-க்கு மேல் இடமில்லை என்கிறாள். உடனே அவர் கானரிலைப் பார்த்து, "நீ சொன்ன 50 இவள் சொன்ன 25-க்கு இரட்டிப்பு, அப்படியானால் உன் அன்பும் இரட்டிப்பு" என்கிறார். முதல் காட்சியில் பேச்சை அளந்து நிலம் கொடுத்தவர், இங்கேயும் அன்பை எண்ணிக்கையால்தான் அளக்கிறார். கானரில் சளைக்காமல், 25 எதற்கு, 10 எதற்கு, 5 எதற்கு என்று கேட்கிறாள். "ஒருவர்தான் எதற்கு?" என்று ரீகன் முடித்துவிடுகிறாள். இந்த எண்களை வரிசையாக எழுதினால் ஆறாம் வகுப்புப் பிள்ளை தானே கணக்குப் போட்டுக்கொள்ளும். 'கொடிய மகள்கள்' என்று நீங்கள் ஒட்டவைக்கத் தேவையில்லை. ஒட்டினால், வீட்டுக்குள் 100 பேர் அமளி செய்கிறார்கள் என்ற கானரிலின் புகாரில் உள்ள நியாயமும் தெரியாமல் போகும்.

தமிழ் இங்கே உங்களுக்குக் கைகொடுக்கிறது. தொடக்கத்தில் மகள்கள் வாய்க்கு வாய் 'அப்பா' என்று கூப்பிடட்டும். இந்தக் காட்சியில் மூத்தவர்கள் இருவரும் அந்த ஒரு சொல்லை மட்டும் விட்டுவிடட்டும். 'நீங்கள்' அப்படியே இருக்கட்டும். வாசிக்கிற பிள்ளைக்குச் சுருக்கென்று தைக்கும்.

வட்டாரப் பேச்சைக் கோமாளிக்கு மட்டும் கொடுங்கள். "புத்தி வாரதுக்கு முன்னால வயசு வந்திருக்கப்படாதுவே" என்று அவன் அரசரிடமே சொல்லலாம். மூலத்திலும் கருத்து அதுதான். லியர் 'ஏல' என்று பேசினால் அழ வேண்டிய இடத்தில் வகுப்பு சிரிக்கும். பெயர்களைத் தமிழாக்க வேண்டாம்.

புயலில் ஒரு சிக்கல் உண்டு. குற்றாலச் சாரலுக்காக ஏங்குகிற ஊர்ப் பிள்ளைக்கு மழை என்றாலே சந்தோஷம். 'பெருமழை பெய்தது' என்று எழுதினால் பயம் வராது. "கதவைச் சாத்துங்கள்" என்று ரீகன் சொல்வதை முதலில் எழுதுங்கள், அப்புறம் தாழ்ப்பாள் விழும் சத்தம், அதற்குப் பிறகு மழை. அவர் போய் நிற்கும் இடத்தைக் 'காடு' என்று எழுதாதீர்கள், அது பொட்டல். தேரிக்காட்டைப் பார்த்த பிள்ளைக்கு ஒதுங்க இடமில்லாத வெளி என்றால் சட்டென்று புரியும். ஆனால் தேரி சுடும், இங்கே குளிர். 80 வயது தாண்டிய உடம்பு நனைந்து நடுங்குவதைச் சொல்லியே ஆக வேண்டும்.

கிளாஸ்டர் பிரபுவும் அவர் மகன்களும் வரும் கிளைக்கதையை மொத்தமாக வெட்டினால் கடைசியில் ஓட்டை விழும். கார்டிலியாவைத் தூக்கிலிட ஆணையிடுவது கிளாஸ்டரின் இன்னொரு மகன் எட்மண்ட். மனம் மாறி அவன் ஆளனுப்புவதற்குள் காரியம் முடிந்துவிடுகிறது. அவனை முன்னாலேயே காட்டாவிட்டால் "யாரு கொன்னா? எதுக்கு?" என்று பிள்ளைகள் கேட்பார்கள், கதையில் பதில் இருக்காது. கிளாஸ்டரின் கண்ணைப் பிடுங்குவதை நேராக எழுத வேண்டாம். அதைப் பொறுக்க முடியாமல் கண்ணைப் பிடுங்கும் சொந்த எஜமானுக்கு, ரீகனின் கணவனுக்கு, எதிராகவே வாளை உருவுகிறானே ஒரு வேலைக்காரன், அவனை எழுதுங்கள். நாடகத்தில் அவனுக்குப் பெயர்கூட இல்லை. அவன் சாகிறான்; அவன் வெட்டிய காயத்தால் எஜமானும் சாகிறான். கொடுமை எவ்வளவு என்பது அவன் கோபத்திலேயே தெரிந்துவிடும்.

கடைசிக் காட்சியில் லியர் மகளைக் கையில் ஏந்தி வருகிறார். மூச்சு படிகிறதா என்று பார்க்கக் கண்ணாடி கேட்கிறார். "இனி நீ வரமாட்டாய்" என்கிறார். மூலத்தில் ஒரே சொல் ஐந்து தடவை வரும்; தமிழில் 'ஒருபோதும்' என்று ஐந்து முறை எழுதினால் செத்த வரியாகிவிடும். 'வரமாட்டாய், வரமாட்டாய்' என்று வினைச்சொல்லையே திரும்பச் சொல்ல விடுங்கள். இதை ஒப்பாரியாக நீட்டக் கூடாது, ஒப்பாரியில் சொல் பெருகும், இந்தக் கிழவருக்குச் சொல் தீர்ந்துகொண்டிருக்கிறது. அப்புறம், "இந்தப் பொத்தானைக் கொஞ்சம் கழற்றிவிடுங்கள்" என்கிறார். ஊரையே ஆண்டவர் ஒரு பொத்தானுக்கு அடுத்தவரை வேண்டி நிற்கிறார். அந்த வரிக்குப் பிறகு விளக்கமே வேண்டாம்.

எழுதியதை ஒரு முறை வில்லுப்பாட்டு முறையில் சோதித்துப் பாருங்கள். ஒருவர் வாசிக்க, பக்கத்தில் ஒரு பிள்ளை வாக்கியத்துக்கு வாக்கியம் 'ஆமா' போடட்டும். பிள்ளை எங்கே 'ஆமா' போடத் தடுமாறுகிறதோ அந்த வாக்கியம் நீளம். 12 சொல்லுக்குள் உடைத்துவிடுங்கள்.

தடையை மீறித் தமையன் உடலை அடக்க முயன்றதற்காக, கிரியோன் அரசன் குகையில் அடைத்த பெண்ணின் கிரேக்கக் கதை ஆன்டிகனி. இதில் கவனம் இன்னும் கூடுதலாக வேண்டும், ஏனென்றால் அதில் மூன்று பேர் தாங்களே உயிரை விடுகிறார்கள். எப்படி என்பதை எழுதவே கூடாது. 'குகைக்குப் போனபோது அவள் உயிரோடு இல்லை' என்பது போதும். கிரேக்க மேடையிலும் பெரும்பாலும் சாவு கண்ணெதிரே நடப்பதில்லை, தூதன் வந்துதான் சொல்வான். அதைத் தைரியம் என்று புகழவும் வேண்டாம். அவள் தைரியம் தமையன் உடல்மேல் ஒரு பிடி மண் போட்டதில் இருக்கிறது. கதையின் பாரத்தை கிரியோன் தாமதித்ததில் வையுங்கள். ஊர்ப் பெரியவர்கள் அவனிடம் சொன்ன வரிசை: முதலில் பெண்ணைக் குகையிலிருந்து விடுவி, பிறகு பிணத்தை அடக்கு. அவன் முதலில் பிணத்தைக் கழுவி, எரித்து, மண்மேடு எழுப்பிவிட்டுத்தான் குகைக்குப் போகிறான். அந்த வரிசை பிள்ளைகள் மனதில் தங்க வேண்டுமானால், அதை ஒரு பக்கம் முன்னாலேயே பெரியவர்கள் வாயால் சொல்ல வைத்திருக்க வேண்டும்.