எஸ்காயர்களின் மொழி – கடிதமும் பதிலும்

வணக்கம் சார்,

இரண்டு வருடமாக ஒரு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். ஒரு மலைக்கிராமம். அங்கே ஒரு கூட்டம் தங்களுக்கென்று ஒரு புனித மொழி வைத்திருக்கிறது. அந்த மொழியில் ஒரு கதையைச் சொன்னால் ஏற்கெனவே நடந்து முடிந்த விஷயம்கூட மாறிவிடும் என்பது அவர்கள் நம்பிக்கை. இதற்காக எழுத்து, இலக்கணம், ஐந்நூறு சொற்கள் எல்லாம் உருவாக்கிவிட்டேன். படித்துப் பார்த்த நண்பர் ஒருவர், "யாரோ உட்கார்ந்து செய்த மொழி எப்படிப் புனிதமாகும்? ஊரே அதை நம்பும் என்றால் யார் ஏற்பார்கள்?" என்று கேட்டுவிட்டார். அதிலிருந்து ஒரு வரிகூட எழுத முடியவில்லை. நிஜத்தில் இப்படி எங்காவது நடந்திருக்கிறதா?

ஒரு வாசகி, திருநெல்வேலி

*

அன்புள்ள வாசகிக்கு,

நடந்திருக்கிறது, ஒரு முறை அல்ல, பல முறை. பன்னிரண்டாம் நூற்றாண்டு ஜெர்மனியில் ஹில்டெகார்ட் என்ற துறவி ஏறக்குறைய ஆயிரம் சொற்களும் 23 எழுத்துக்களும் கொண்ட ஒரு மொழியை எழுதி வைத்தார். சொற்பட்டியல் கடவுளில் தொடங்கும். தேவதூதர், மனிதர், உடல் உறுப்புகள், நாள், மாதம், செடிகொடி, பறவை என்று இறங்கிப் பூச்சிகளில் போய் முடியும். உலகத்தை முதலிலிருந்து மறுபடி பெயரிட்டு அழைத்த மாதிரி இருக்கும். ஆனால் அந்த மொழியில் ஒரு ஊர் வாழவில்லை. உங்கள் நாவலுக்கு வேண்டியது ஊர். அதனால் பிலிப்பைன்ஸில் உள்ள போஹோல் தீவுக்குப் போவோம்.

அந்தத் தீவின் தென்கிழக்கு மலைப்பகுதியில் எஸ்காயர் என்ற ஒரு சிறு சமூகம் இருக்கிறது. வீட்டிலும் சந்தையிலும் அவர்கள் பேசுவது அக்கம்பக்கத்தார் பேசும் அதே விசாயா மொழிதான். ஆனால் ஜெபத்துக்கும் பாட்டுக்கும் முன்னோர் கதைகளை எழுதவும் படிக்கவும் எஸ்காயன் என்று தனியாக ஒரு மொழி உண்டு. தெரிந்தவர்கள் சில நூறு பேர். யாருக்கும் அது தாய்மொழி இல்லை. ஊர்க்காரர்களே சம்பளம் வாங்காமல் நடத்தும் பள்ளிகளில் கற்றுக்கொள்கிறார்கள்.

அதை உண்டாக்கியவர் பினாய் என்ற ஆதி முன்னோர், அவரே பிலிப்பைன்ஸின் முதல் போப்பாண்டவர் என்பது அவர்கள் மரபு. மனித உடலைப் பார்த்து அவர் எழுத்துக்களை வடித்தாராம். எழுத்துக்கள் ஆயிரத்துக்கும் மேல். அவற்றில் பல, எந்தச் சொல்லிலும் வருவதில்லை. ஆனாலும் மாணவர் கற்கிறார். இந்த இடத்தில் நான் நிறைய நேரம் நின்றிருக்கிறேன். பயன்படாத எழுத்தை ஒருவர் ஏன் கற்க வேண்டும்? உடல் முழுசாக இருக்க வேண்டும் என்பதற்காக என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

இந்த மொழி நமக்குத் தெரிய வந்தது மரியானோ டாட்டஹான் என்பவர் வழியாக. ஸ்பானியர்கள் போய் அமெரிக்கர்கள் வந்தபோது போஹோல் மக்கள் எதிர்த்துச் சண்டையிட்டார்கள், ஊர்கள் எரிக்கப்பட்டன, 1901 கடைசியில் சண்டை ஓய்ந்தது. அந்தக் கலகத்தில் இருந்தவர் டாட்டஹான். பிறகு பியாபாஸ் என்ற இடத்தில் ஆட்களைச் சேர்த்து ஒரு ஊரை உண்டாக்கினார். அங்கேதான் இந்த மொழி கற்பிக்கப்பட்டது, கதைகள் எழுதப்பட்டன. 1949இல் அவர் காலமானார். 1980களில்தான் வெளியாட்கள் இதைப் பற்றிப் பேசத் தொடங்கினார்கள். தொலைந்துபோன ஆதிமொழி என்று சிலர், வெறும் புரட்டு என்று சிலர். உங்கள் நண்பர் கேட்ட அதே கேள்விதான்.

பிறகு பியர்ஸ் கெல்லி என்ற மொழியியலாளர் பல வருடம் உழைத்து இதை ஆராய்ந்தார். இலக்கணம் பெரும்பாலும் விசாயா. சொற்கள் மட்டும் வேறு. சில சொற்களில் ஸ்பானிய, ஆங்கிலச் சாயல். இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் ஆக்கப்பட்ட மொழி என்பது அவர் முடிவு.

சின்ன வயதில் நாங்கள் 'க' பாஷை பேசுவோம். ஒவ்வொரு எழுத்துக்கும் முன்னால் ஒரு 'க'. "கநாகன் கவகரேகன்" என்றால் நான் வரேன். நீங்களும் பேசியிருப்பீர்கள். அதற்குள் இருப்பது தமிழேதான், மேலே ஒரு போர்வை. அத்தைக்குப் புரியாமல் அத்தை முன்னாலேயே பேசும்போது வீட்டுக்குள்ளேயே எங்களுக்கு இன்னொரு வீடு கிடைத்துவிடும். எஸ்காயன் இதைவிட எவ்வளவோ பெரிய உழைப்பு, ஒவ்வொரு சொல்லையும் புதிதாகச் செய்திருக்கிறார்கள். ஆனால் பழைய மொழியின் எலும்பு மேல் புதிய தோல் என்பதை நான் புரிந்துகொண்டது அந்த 'க'வை வைத்துத்தான்.

சரி, காலத்துக்கு வருவோம். உங்கள் கேள்வியின் உயிர் அங்கேதான் இருக்கிறது. அந்த ஆதி முன்னோர் மொழியில் ஆகாய விமானத்துக்குக்கூடச் சொந்தமாக ஒரு சொல் இருக்கிறது, கடன் வாங்கியது இல்லை. மொழியியலாளருக்கு இது தடயம்: விமானம் வந்த பிறகு செய்த மொழி. அதே சொல்லை உள்ளேயிருந்து பாருங்கள். அமெரிக்கர் கொண்டுவந்த எதுவும் புதிது இல்லை என்று ஆகிவிடுகிறது. நம் முன்னோர் அதற்கு முன்பே பெயர் வைத்துவிட்டார். ஸ்பானியருக்கு முன்பே நமக்கு எழுத்து இருந்தது, போப் இருந்தார். ஊரை எரித்தவனும் பாதிரியாரும் ஆங்கில வாத்தியாரும் பிந்தி வந்தவர்கள் ஆகிவிடுகிறார்கள். ஒரு சொல்லால் இதைச் செய்ய முடிந்திருக்கிறது! உங்கள் நாவலில் மந்திரம் செய்வதை இங்கே சொற்பட்டியல் செய்கிறது.

நமக்கும் இது அந்நியம் இல்லை. இறையனார் அகப்பொருள் உரை முதற்சங்கம் 4440 ஆண்டு, இடைச்சங்கம் 3700, கடைச்சங்கம் 1850 என்று கணக்குச் சொல்கிறது. முதற்சங்கம் சிவபெருமானும் முருகனும் அகத்தியரும் ஒன்றாக உட்கார்ந்த சங்கம். வரலாற்று ஆசிரியர் இந்தக் கணக்கை ஏற்க மாட்டார். நானும் அதை வரலாறாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆனால் கடல் கொண்டுபோனது என்று சொல்லப்படும் நூல்களின் பெயரைப் படிக்கும்போது எனக்கு உண்மையாகவே தொண்டை அடைக்கிறது. அந்த அடைப்பைப் பொய் என்று சொல்ல மாட்டேன்.

எனவே, செய்த மொழி எப்படிப் புனிதமாகும் என்றால்: செய்தேன் என்று அங்கே யாரும் சொல்வதில்லை, முன்னோர் விட்டுப்போனது திரும்பக் கிடைத்தது என்கிறார்கள். அதற்கப்புறம் கை வேலை. மாணவர் நோட்டுப்புத்தகத்தில் கதையைப் பார்த்து எழுதுகிறார். வளைவும் சுழியுமாக ஒவ்வொரு எழுத்தும் கொடி படர்ந்த மாதிரி இருக்கும். அவசரமாக எழுத முடியாது. அப்படி எழுதும் நேரத்தில் அவர் இருப்பது எந்த நூற்றாண்டு? இதை யோசித்துப் பாருங்கள்.

உங்கள் கடிதத்தில் எழுத்து இருக்கிறது, இலக்கணம் இருக்கிறது, ஐந்நூறு சொற்கள் இருக்கின்றன. அந்தக் கூட்டத்திடமிருந்து எது பறிபோனது என்பது இல்லை. அவர்கள் மாற்றத் துடிக்கும் அந்த ஒரு நாள் எது? கதை சொன்னவுடன் மழை நிற்பதும் செத்தவன் எழுவதும் எனக்கு வேண்டாம். ஒரு கிழவி தன் பேத்தியின் விரலைப் பிடித்து, எந்தச் சொல்லிலும் வராத ஒரு எழுத்தைக் கற்றுக்கொடுக்கட்டும். எதற்கு என்று பேத்தி கேட்கட்டும். கிழவி என்ன சொல்கிறாள் என்பதை எழுதியதும் அந்த அத்தியாயத்தை எனக்கு அனுப்புங்கள், வாசிக்கிறேன்.

அன்புடன்.