கேள்வி நேரம்: வாயேஜர் கப்பலின் ‘எலைட் ஃபோர்ஸ்’

‘ஸ்டார் ட்ரெக்: வாயேஜர் – எலைட் ஃபோர்ஸ்’ பற்றி வந்த கேள்விகளை எல்லாம் இந்த இதழில் ஒன்றாகச் சேர்த்திருக்கிறோம். ரேவன் சாஃப்ட்வேர் உருவாக்கி ஆக்டிவிஷன் 2000 செப்டம்பரில் வெளியிட்ட இந்தச் சுடும் ஆட்டம், ‘ஸ்டார் ட்ரெக்: வாயேஜர்’ தொலைக்காட்சித் தொடரை ஒட்டியது; குவேக் 3 எஞ்சினில், அதாவது குவேக் 3 ஆட்டத்தை இயக்கும் அதே அடிப்படை நிரலில் ஓடுவது. பழசாகிவிட்டது, ஆனால் வீணாகிவிடவில்லை. சரியாக அமைத்தால் இன்றைய கணினியிலும் அருமையாக ஓடும். கட்டளைகளை உச்சரிப்பில் தந்திருக்கிறோம். தட்டச்சு செய்யும்போது சிறிய ஆங்கில எழுத்துகளில், இடைவெளி விடாமல், காட்டிய இடத்தில் அடிக்கோடு போட்டு எழுதுங்கள்.

கேள்வி: போர்க் எதிரிகளை முதலில் நாலைந்து முறை சுட்டால் விழுகிறார்கள். அப்புறம் எவ்வளவு சுட்டாலும் ஒன்றும் ஆவதில்லை. ஆட்டத்தில் ஏதாவது கோளாறா?

பதில்: கோளாறு இல்லை. இந்த ஆட்டத்தின் உயிரே அதுதான். தொலைக்காட்சித் தொடரில் பாதி உயிர், பாதி இயந்திரமான போர்க் கூட்டம் எந்த ஆயுதத்தையும் சில அடிகள் வாங்கியதும் புரிந்துகொண்டு, அதற்கு ஏற்ற கவசத்தை எழுப்பிக்கொள்ளும். ஒரு ட்ரோன், அதாவது தனி போர்க், கற்றது மற்ற எல்லா ட்ரோன்களுக்கும் போய்ச் சேரும். ரேவன் அந்த விதியை அப்படியே ஆட்டத்துக்குள் கொண்டுவந்திருக்கிறது. நீங்கள் சுட்ட ஒளி ட்ரோனின் உடம்புக்குச் சற்று முன்னாலேயே தெறித்து, ஒரு மெல்லிய திரை மின்னி மறைகிறதா? அந்த ஆயுதம் அங்கே செத்துவிட்டது என்று அர்த்தம். அதற்குமேல் ஒரு குண்டுகூட வீணாக்காதீர்கள்.

இதற்கு விடையாகத்தான், போர்க்கிலிருந்து மீட்கப்பட்டு வாயேஜர் குழுவில் இருக்கும் செவன் ஆஃப் நைன் செய்து தரும் ‘இன்ஃபினிட்டி மாடுலேட்டர்’, சுருக்கமாக ஐ-மாட், கதையில் வருகிறது. ஒவ்வொரு முறை சுடும்போதும் அதன் அதிர்வெண் மாறிவிடுவதால் போர்க்கால் அதற்குப் பழக முடியாது. ஆனால் பலரும் மாட்டிக்கொள்ளும் இடம் ஒன்று உண்டு. கம்ப்ரெஷன் ரைஃபிளும் ஐ-மாடும் ஒரே சக்திக் கையிருப்பிலிருந்துதான் குடிக்கின்றன. பழகிப்போன ட்ரோன் மேல் ரைஃபிளால் இருபது முறை சுட்டால், ஐ-மாடுக்கு வேண்டிய சக்தியைத்தான் காற்றில் விடுகிறீர்கள். ஐ-மாடின் இரண்டாவது சுடும் முறை இன்னும் பலமானது, செலவும் அதிகம். ஒற்றை ட்ரோனுக்கு முதல் முறையே போதும்.

இன்னொன்று. போர்க் கப்பலில் எல்லா ட்ரோனும் பார்த்த மாத்திரத்தில் பாய்வதில்லை. தன் பாட்டுக்கு வேலை செய்துகொண்டிருப்பதைச் சுடாமல் தாண்டிப் போய்விடலாம். இதுவும் தொடரிலிருந்து வந்ததுதான்: அச்சுறுத்தலாகத் தெரியாதவரை போர்க் உங்களைக் கண்டுகொள்ளாது. சுவரில் சக்தி நிரப்பும் நிலையம் தெரிந்தால் சண்டைக்கு முன்னால் தொட்டு நிரப்பிக்கொள்ளுங்கள். கையிருப்பு முழுதும் தீர்ந்தாலும் பயப்பட வேண்டாம், கை ஃபேசர் தானாகவே நிரம்பும். ஆனால் அதற்கும் போர்க் பழகிவிடும்.

கேள்வி: ஆட்டத்தைத் திறந்தால் திரை ஒரு கணம் கறுத்து, உடனே டெஸ்க்டாப்புக்குத் திரும்பிவிடுகிறது. புது கிராஃபிக்ஸ் கார்டு போட்ட பிறகுதான் இப்படி.

பதில்: கார்டு புதிது என்பதேதான் காரணம். ஆட்டம் தொடங்கும்போது, ‘உனக்கு என்னென்ன ஓப்பன்ஜிஎல் (படம் வரையும் கட்டளைத் தொகுப்பு) வசதிகள் தெரியும்’ என்று கார்டை இயக்கும் டிரைவர் நிரலைக் கேட்கும். டிரைவர் பெயர்களை வரிசையாக ஒரே நீளமான சரமாகத் தரும். 2000-இல் அந்தச் சரம் சிறியது. குவேக் 3 எஞ்சின் அதை அச்சிட ஒதுக்கிய இடம் 4096 எழுத்துகளுக்கானது. இன்றைய டிரைவர் தரும் பட்டியல் அதைத் தாண்டிவிடுகிறது. நிரம்பி வழிந்து பக்கத்து நினைவகத்தைக் கெடுக்கிறது, ஆட்டம் விழுகிறது. அதே எஞ்சினில் வந்த வேறு சில பழைய ஆட்டங்களுக்கும் இதே நோய் உண்டு.

முதலில் செய்து பார்க்க வேண்டியது: ஆட்டத்தின் இயங்கு கோப்பை நகலெடுத்து, நகலுக்கு ‘குவேக்3’ என்று பெயர் வைத்துத் திறந்து பாருங்கள். சில டிரைவர்கள் கோப்பின் பெயரைப் பார்த்தே பழைய ஆட்டம் என்று அடையாளம் கண்டு பட்டியலைச் சுருக்கித் தரும். மூலக் கோப்பைத் தொடாதீர்கள், நகலில் மட்டும் செய்யுங்கள். அது பலிக்காவிட்டால், ஓப்பன்ஜிஎல் அழைப்புகளை விண்டோஸின் சொந்த வரைகலை முறையான டைரக்ட்3டி-க்கு மாற்றித் தரும் இடைநிலை டிஎல்எல் கோப்பை ஆட்டத்தின் ஃபோல்டருக்குள் போடலாம். லினக்ஸில், விண்டோஸ் நிரல்களை ஓட்டும் வைன் வழியாக ஓட்டுகிறவர்களுக்கு வேலை சுலபம். லினக்ஸின் திறந்த மூல மெசா டிரைவர் என்றால் ‘மெசா_எக்ஸ்டென்ஷன்_மேக்ஸ்_இயர்’ என்ற சூழல் மாறியை 2003 என்று வைத்துத் திறந்தால், அந்த ஆண்டு வரைக்குமான வசதிகளை மட்டும் டிரைவர் சொல்லும். இந்த மாறியை மட்டும் முழுக்கப் பெரிய எழுத்தில் எழுத வேண்டும்.

கேள்வி: அகலத் திரையில் படம் இழுத்தாற்போல் இருக்கிறது. மெனுவில் 1920×1080 இல்லவே இல்லை.

பதில்: மெனுவில் கிடைக்காது, கையால்தான் எழுத வேண்டும். ஆட்டம் நிறுவிய இடத்திலுள்ள பேஸ்ஈஎஃப் ஃபோல்டருக்குள் ‘ஆட்டோஎக்ஸெக்’ என்ற பெயரில் சிஎஃப்ஜி கோப்பு ஒன்றை உருவாக்குங்கள். நோட்பேடில் சேமிக்கும்போது விண்டோஸ் சத்தமில்லாமல் கடைசியில் டிஎக்ஸ்டி என்று ஒட்டிவிடும். அப்படி ஒட்டினால் ஆட்டம் அந்தக் கோப்பைப் படிக்கவே படிக்காது. கோப்பு நீட்சிகளைக் காட்டும்படி ஃபோல்டர் அமைப்பை மாற்றிவிட்டுச் சரிபாருங்கள்.

உள்ளே நான்கு வரிகள் போதும். ‘ஆர்_மோட்’ மதிப்பு மைனஸ் 1. ‘ஆர்_கஸ்டம்விட்த்’ 1920. ‘ஆர்_கஸ்டம்ஹைட்’ 1080. நான்காவதுதான் பலரும் விட்டுவிடுவது: ‘சிஜி_எஃப்ஓவி’, அதாவது பார்வைக் கோணம். 4:3 திரையில் 80 டிகிரியில் தெரிந்த காட்சியை 16:9 திரையில் அதே உயரத்தோடு பார்க்க 96 வேண்டும். 80-லேயே விட்டால் மேலும் கீழும் வெட்டுப்பட்டு, மூக்கை ஒட்டிப் பார்ப்பதுபோல் இருக்கும்.

இத்தனை செய்த பிறகும் குறிவட்டம் முட்டை வடிவில்தான் தெரியும். அது உங்கள் பிழை அல்ல. திரைமேல் வரும் எழுத்து, எண், குறி எல்லாம் 640×480 என்ற கற்பனைப் பலகையில் வரையப்பட்டுப் பிறகு முழுத் திரைக்கு இழுக்கப்படுகின்றன. குறியின் நடுப்புள்ளி மாறாது, குறி தப்பாது.

கேள்வி: ஆட்டம் ஒரே இருட்டு. நடுவில் நின்றுபோனால் டெஸ்க்டாப் வெளுத்துப்போய்க் கிடக்கிறது.

பதில்: இரண்டுக்கும் வேர் ஒன்று. இந்த எஞ்சின் வெளிச்சத்தைத் தன் படத்தில் கூட்டுவதில்லை. மானிட்டருக்குப் போகும் வெளிச்ச அளவுகளை நிர்ணயிக்கும் காமா அட்டவணையையே மாற்றுகிறது. ஆட்டத்தைச் சின்ன ஜன்னலில் ஓட்டினால் வெளிச்ச ஸ்லைடர் பலன் தராது, முழுத் திரையில்தான் ஓட்ட வேண்டும். ஆட்டம் திடீரென்று விழுந்தால் அட்டவணையைத் திருப்பி வைக்க ஆள் இல்லாமல் போகிறது. ஆட்டத்தை மறுபடி திறந்து மெனு வழியாக முறையாக வெளியேறினால் டெஸ்க்டாப் பழைய நிறத்துக்கு வந்துவிடும்.

கேள்வி: சேமித்த ஆட்டங்கள் ஃபோல்டரில் காணவில்லை, ஆனால் ஆட்டத்துக்குள் தெரிகின்றன.

பதில்: புரோகிராம் ஃபைல்ஸ் உள்ளே நிறுவியிருப்பீர்கள். பழைய நிரல்கள் அங்கே எழுத முயன்றால் விண்டோஸ் அதைத் திருப்பி, உங்கள் பயனர் கணக்கின் விர்ச்சுவல்ஸ்டோர் ஃபோல்டரில் கொண்டுபோய் வைக்கும். அங்கே தேடுங்கள். சி டிரைவில் தனி ஃபோல்டர் போட்டு அதில் நிறுவுவதே நல்லது. மேலே சொன்ன சிஎஃப்ஜி கோப்பு வேலைக்கும் தலைவலி குறையும்.

கேள்வி: ஐஓஈஎஃப் போன்ற புது எஞ்சின்கள் இருக்கின்றனவே, அதைப் போட்டால் இந்தத் தொல்லைகள் எல்லாம் போய்விடாதா?

பதில்: பாதிதான் போகும். எலைட் ஃபோர்ஸ் உண்மையில் இரண்டு நிரல்கள். கதைக்கு ஒரு இயங்கு கோப்பு, பலர் சேர்ந்து ஆடும் ஹோலோமேட்சுக்கு இன்னொன்று. ரசிகர்கள் உருவாக்கிய ஐஓஈஎஃப், ஹோலோமேட்சை மட்டும்தான் ஓட்டும். கதையை ஆட அசல் கோப்பே கதி. அதனால் மேலே சொன்ன திருத்தங்கள் எப்படியும் தேவை.

ஹோலோமேட்சுக்கு ஐஓஈஎஃப் கட்டாயம் போடலாம். ஆட்டத்தின் தரவுகள் அடங்கிய, பேக் என்று பெயர் தொடங்கும் பிகே3 கோப்புகள் எல்லாமே இருக்க வேண்டும். 1.2 திருத்தத்தோடு வந்ததை விட்டுவிட்டால் இணைய சர்வர்கள் உள்ளே விடாது. லினக்ஸில் ஃபோல்டர் பெயரின் எழுத்தளவு முக்கியம்: ‘பேஸ்’ முழுக்கச் சின்ன எழுத்து, ‘ஈஎஃப்’ இரண்டும் பெரிய எழுத்து. விண்டோஸில் இருந்து நகலெடுத்தால் முதல் எழுத்து பெரியதாக வந்து, கோப்புகளே இல்லை என்று எஞ்சின் சொல்லும். நீங்களாகச் சேர்த்த பிகே3-களைத் தனியே வையுங்கள். எஞ்சின் பெயர் வரிசைப்படி படிக்கிறது, பின்னால் வருவது முன்னால் உள்ளதை மறைத்துவிடும். சுத்தக் கோப்புகளை மட்டும் ஏற்கும் சர்வரில் இது சிக்கலாகும்.

வீட்டு நெட்வொர்க்கில் நண்பர்களோடு ஆட யுடிபி 27960 போர்ட்டை ஃபயர்வாலில் திறந்துவிடுங்கள். ஒரே கணினியில் இரண்டாவது சர்வர் திறந்தால் அது 27961-க்குப் போகும். பழைய மோடம் வேகம் அமைப்பில் தேர்வாகி இருந்தால் ‘ரேட்’ மதிப்பை 25000 ஆக்குங்கள், எதிரிகள் துள்ளித் துள்ளி நகர்வது நிற்கும். ஃபிரேம் வேகத்தை 125-க்கு மேல் விடாதீர்கள். இந்த எஞ்சின் நேரத்தை முழு மில்லி விநாடிகளில் கணக்கிடுவதால், ஃபிரேம் வேகம் மாறினால் குதிக்கும் உயரம்கூட மாறும். 125 என்றால் சரியாக 8 மில்லி விநாடி.

ஆள் குறைவாக இருந்தால், கணினியே ஆட்டுவிக்கும் பாட்களைச் சேர்த்துக்கொள்ளலாம். நாலு பேர் சேர்ந்துவிட்டால் ‘அசிமிலேஷன்’ முறையை விடாதீர்கள். ஒரு பக்கம் போர்க். அது வீழ்த்துகிறவர்கள் அதன் அணிக்கே மாறிவிடுவார்கள். இப்படி ஒரு விதி வேறு உலகத்துக்குப் பொருந்தாது, ஸ்டார் ட்ரெக்குக்கு மட்டுமே பொருந்தும்.

கேள்வி: செவன் ஆஃப் நைன் குரல் தொடரில் கேட்டதுபோல் இல்லையே?

பதில்: காது சரியாகத்தான் இருக்கிறது. கேட் மல்க்ரூ, டிம் ரஸ் முதலான மற்ற முக்கிய நடிகர்கள் எல்லாம் முதலிலேயே குரல் கொடுத்தார்கள். தொடரில் செவனாக நடித்த ஜெரி ரையன் மட்டும் இல்லை, அவருக்குப் பதில் ஜோன் புடன்ஹேகன் பேசினார். 2001-இல் விரிவாக்கத் தொகுப்பு வந்தபோதுதான் ரையனின் குரல் வந்தது. அந்தத் தொகுப்பில் ‘விர்ச்சுவல் வாயேஜர்’ என்று ஒன்று இருக்கிறது. கதை ஏதும் இல்லாமல் கப்பலின் தளங்களில் நடந்து சுற்றிப் பார்க்கலாம். தொடரை நேசித்தவர்கள் துப்பாக்கியை மறந்துவிட்டு ஒரு மணி நேரம் அதில் செலவழிக்கலாம்.

கேள்வி: தொடரைப் பார்க்காதவர் ஆடலாமா? எந்த அத்தியாயங்களைப் பார்த்தால் போதும்?

பதில்: தாராளமாக ஆடலாம். 1995 முதல் 2001 வரை ஏழு பருவங்கள் ஓடிய தொடர் அது, முழுதும் பார்க்கத் தேவையில்லை. செவன் ஆஃப் நைனும் ஸ்பீஷீஸ் 8472 என்ற வேற்றுலக இனமும் அறிமுகமாகும் ‘ஸ்கார்பியன்’ இரண்டு பகுதிகள், ஹிரோஜன் வேட்டைக்காரர்களுக்கு ‘ப்ரே’, விரிவாக்கத்தில் வரும் கேப்டன் ப்ரோட்டானுக்கு ‘பிரைட் ஆஃப் கேயாட்டிகா’. இவை போதும். கப்பலின் பாதுகாப்பு அதிகாரி டூவோக் தலைமையில் இயங்கும் ‘ஹசார்ட் டீம்’ அதிரடிப் படையைத் தொடரில் தேடாதீர்கள், அது ஆட்டத்துக்காகவே உருவாக்கப்பட்டது. இன்னொரு சுவையான செய்தி: ஆட்டத்தின் கதையில் வரும், கப்பல்கள் சிக்கி வெளியேற முடியாமல் ஒன்றையொன்று கொள்ளையடிக்கும் வெற்றிடம் என்ற கரு, தொடரில் ‘தி வாய்ட்’ என்ற அத்தியாயமாக 2001 பிப்ரவரியில்தான் வந்தது. ஆட்டம் ஐந்து மாதம் முந்திவிட்டது.

கேள்வி: இரண்டாம் பாகத்தில், நாம் ஆடும் பாத்திரமான மன்ரோவைப் பெண்ணாகத் தேர்வு செய்வது எப்படி?

பதில்: முடியாது. முதல் ஆட்டத்தில் அலெக்ஸாண்டர், அலெக்ஸாண்ட்ரியா இருவரில் ஒருவராக ஆடலாம். 2003-இல் ரிச்சுவல் என்டர்டெயின்மென்ட் உருவாக்கிய இரண்டாம் பாகத்தில் அலெக்ஸாண்டர் மட்டும்தான். நல்ல ஒரு வசதியை எடுத்துவிட்டார்கள். அலெக்ஸாண்ட்ரியாவாக ஆட விரும்பினால் முதல் ஆட்டத்தில் புது ஆட்டம் தொடங்கும்போதே தேர்வு செய்துவிடுங்கள்.