காரணம் சொல்லாத பணிநீக்கக் கடிதம்

தம்பி, மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் அரசாங்க ஓட்டுநராக இருந்த உங்கள் அப்பா பணிநீக்கத்தை எதிர்த்துச் செய்த முறையீட்டை ‘நிராகரிக்கப்பட்டது’ என்று ஒரே வரியில் முடித்துவிட்டார்கள் என்கிறீர்கள். வயிறு எரிகிறது. எந்தக் குற்றச்சாட்டு நிரூபணமானது, அவருடைய விளக்கம் ஏன் எடுபடவில்லை என்று சொல்லியிருக்க வேண்டாமா? பிழைப்பைப் பறிக்கும் முடிவுக்குப் பொது அதிகாரிகள் காரணம் கூற வேண்டும் என்பதை மேல்முறையீட்டு நீதிமன்றமே 1996-இல் வலியுறுத்தியிருக்கிறது.

இன்றே மலாய் மொழியில் எழுதிக் காரணம் கேளுங்கள். உங்கள் நகலில் பெற்றுக்கொண்டதற்கான முத்திரையும் தேதியும் விழாமல் அலுவலக முகப்பை விட்டு நகராதீர்கள். ஆனால் பதிலுக்காகக் காத்திருக்கவும் வேண்டாம். பணிநீக்கத்தை எதிர்த்து முறையிட 60 நாள் என்று பக்கத்து வீட்டுக்காரர் சொன்ன கணக்கு தனியார் வேலைக்கானது. அரசாங்க ஊழியர் உயர்நீதிமன்றத்தில் நீதி மறுஆய்வுதான், அதாவது அதிகாரிகளின் முடிவு சட்டப்படி எடுக்கப்பட்டதா என்று நீதிமன்றம் ஆராய்வதைத்தான், கேட்க வேண்டும். அதற்கு, முடிவு தெரிவிக்கப்பட்டதிலிருந்து 3 மாதங்களே அவகாசம். கடிதம் வந்த உறையையும் பத்திரப்படுத்தி, இந்த வாரமே ஈப்போவில் ஒரு வழக்கறிஞரைப் பாருங்கள்.