கேளுங்கள், சொல்கிறோம்: லட்ச ரூபாய் நந்தனார்

கேள்வி (வெள்ளவத்தை வாசகி): கே.பி. சுந்தராம்பாளும் கிட்டப்பாவும் கொழும்பு மேடையில்தான் ஜோடி சேர்ந்தார்கள் என்று எங்கள் அம்மம்மா அடிக்கடி சொல்வார். ஔவைக் கிழவியாக மட்டுமே அவரைப் பார்த்த எனக்கு நம்பவே முடியவில்லை. உண்மையா? சினிமாவில் ஏன் கதாநாயகியாக வரவில்லை?

பதில்: அம்மம்மா சொல்வது சரிதான், தங்கச்சி. சுந்தராம்பாள் 1908இல் கொடுமுடியில் பிறந்தவர், சின்ன வயதிலேயே நாடகத்துக்கு வந்துவிட்டார். ஸ்திரீபார்ட் (பெண் வேடம்), ராஜபார்ட் (கதாநாயகன் வேடம்) இரண்டுமே கட்டுவார். 1926இல் இங்கே கொழும்பில் செங்கோட்டை கிட்டப்பாவோடு நடித்தார், அடுத்த வருடமே கல்யாணம். கிட்டப்பா ஏற்கெனவே மணமானவர், அதனால் குடும்ப வாழ்க்கை சுகப்படவில்லை, ஆனால் மேடையில் அந்த ஜோடியை அடிக்க ஆளில்லை. அப்போது மைக் ஏது? கடைசி பெஞ்சில் இருப்பவனுக்கும் கேட்கிற மாதிரிப் பாடவேண்டும், ஜனம் டிக்கட் எடுப்பதே பாட்டுக்காகத்தான், நடிப்பெல்லாம் அப்புறம்.

1933 டிசம்பரில் கிட்டப்பா போய்விட்டார், வயது 27தான். இவருக்கு 25. அன்றிலிருந்து வெள்ளைச் சேலை, இனி எந்த ஆணுக்கும் ஜோடியாக நடிப்பதில்லை என்ற முடிவு. உங்கள் இரண்டாவது கேள்விக்கு விடை இதுதான். பிறகு 'நந்தனார்' படத்துக்குக் கூப்பிட்டபோது, ஆளைத் திருப்பி அனுப்புவதற்காகவே லட்ச ரூபாய் கேட்டாராம், தயாரிப்பாளர் சரி என்றுவிட்டார்! 1935இல் ஒரு லட்சம் என்றால் யோசித்துப் பாருங்கள். வேடமும் நந்தனாரே, அதாவது ஆண் வேடம், ஜோடிப் பேச்சுக்கே இடமில்லை. நந்தனாரின் எஜமானரான வேதியராக வந்தவர் சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாத ஐயர். என்னைக் கேட்டால், அந்தக் குரலுக்கு ஈடுகொடுக்க ஒரு வித்துவானைத்தான் பிடித்திருக்க வேண்டும்.

1940இல் 'மணிமேகலை'. அது துறவி வேடம். 1953இல் ஜெமினி ஸ்டூடியோவின் 'ஔவையார்', 1964இல் 'பூம்புகார்' படத்தில் சமணத் துறவி கவுந்தியடிகள், அடுத்த வருடம் 'திருவிளையாடல்' படத்தில் திரும்பவும் ஔவை. துறவி, கிழவி, பக்தை என்று விரல்விட்டு எண்ணக்கூடிய படங்கள்தான். வேறொருத்தி என்றால் இந்த நிபந்தனையோடு சினிமாவில் ஒரு வருடம் தாக்குப்பிடித்திருக்க மாட்டாள், இவரோ 'துணைவன்' படத்தில் பாடி, 1969ஆம் ஆண்டின் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருதை வாங்கியபோது அறுபதைத் தாண்டியிருந்தார். பாட்டு இருந்தது, பிழைத்தார்.

கேள்வி (கொட்டாஞ்சேனை வாசகர்): சுந்தராம்பாள் அரசியலிலும் இருந்தாரா?

பதில்: இருந்தார். காங்கிரஸ் மேடைகளில் பாடிக் கூட்டம் சேர்த்தவர். 1951இல் சென்னை மேலவைக்கு உறுப்பினராகவும் போனார்.

கேள்வி (தெஹிவளை வாசகர்): அவர் நடித்ததில் ஒன்றே ஒன்று பார்ப்பதென்றால்?

பதில்: 'திருவிளையாடல்'. முழுப்படத்துக்கும் நேரமில்லை என்றால், கோபித்துக்கொண்டு மலையேறிய முருகனிடம் 'பழம் நீயப்பா' என்று அவர் தொடங்கும் இடத்தை மட்டுமாவது பாருங்கள். முகத்தில் பெரிதாக ஒன்றும் செய்யமாட்டார், எல்லாம் தொண்டையில்தான். ஹெட்போன் வேண்டாம், ஸ்பீக்கரில் போடுங்கள்.