வால்நட்டை ஏன் கறியாக்க வேண்டும்?

வணக்கம். சமைக்காத தாவர உணவுக்கு மாறியிருக்கிறேன். காலர்டு இலையில் (முட்டைக்கோஸ் இனத்து அகலமான கீரை) வால்நட் பூரணம் வைத்துச் சுருட்டினால் நடுவில் விரிசல் விடுகிறது, ஒழுகுகிறது. வீட்டில் மற்றவர்களும் சாப்பிட, பூரணம் கொத்துக்கறி போலவே வர வேண்டும். காளான், ஊறவைத்த உலர்தக்காளி, சோயா சாஸ் எல்லாம் சேர்த்துவிட்டேன். இன்னும் என்ன சேர்க்கலாம்? கடை முந்திரி உண்மையில் பச்சையே இல்லையாமே?
— எஸ்.

அன்புள்ள எஸ்,

முந்திரியை முதலில் முடித்துவிடுகிறேன். அதன் ஓட்டில் இருக்கும் எண்ணெய் பட்டால் தோல் புண்ணாகிவிடும், அதனால் உடைப்பதற்கு முன் பெரும்பாலும் ஆவியிலோ சூட்டிலோ காட்டிவிடுகிறார்கள். இருந்துவிட்டுப் போகட்டும். சோயா சாஸுக்கும் சோயாவை வேகவைக்கத்தான் செய்கிறார்கள், அதை நீங்கள் கேட்கவே இல்லையே! வைட்டமின் பி12 மாத்திரை போடுகிறீர்களா? இலையிலும் கொட்டையிலும் அது கிடைக்காது. கவலைப்பட வேண்டியது அதற்கு.

இலையைக் கவிழ்த்துப் போட்டு, கத்தியைப் படுக்கவைத்து நடுநரம்பை இலையின் கனத்துக்கு வரும்வரை சீவுங்கள். எலுமிச்சைச் சாறும் உப்பும் தடவிக் கொஞ்ச நேரம் விட்டால் துவண்டுவிடும், அப்புறம் துணியால் ஈரத்தை ஒற்றிவிட்டுச் சுருட்டுங்கள்.

சரி, இந்தக் கொத்துக்கறி விஷயம். கொஞ்ச நாளாகவே மனதில் அரித்துக்கொண்டிருந்தது, நீங்கள் வந்து மாட்டிக்கொண்டீர்கள். ஒரு தோழி வீட்டு விருந்தில் இதே சுருளை வைத்து, "அப்படியே கறி மாதிரி இருக்கும் பாருங்க" என்றாள். அவ்வளவுதான், மேசையில் இருந்த எல்லோரும் மென்றுகொண்டே கறியைத் தேட ஆரம்பித்துவிட்டார்கள். கிடைக்குமா? "பரவாயில்லை, கிட்டத்தட்ட" என்றார் ஒருவர். அவள் முகம் போன போக்கை இன்னும் மறக்க முடியவில்லை. உண்மையில் அது நன்றாக இருந்தது. வாயைத் திறக்காமல் பரிமாறியிருந்தால் இன்னொன்று கேட்டு வாங்கியிருப்பார்கள்.

உங்கள் பூரணம் ஒழுகுவதும் இந்த வேஷத்தால்தான். உப்பு பட்டதும் காளான் தண்ணீர் விடும், ஊறிய தக்காளி தன் பங்குக்கு விடும், அதன் மேல் சாஸ் வேறு. எல்லாவற்றையும் எடுத்துவிடுங்கள். வால்நட்டை நாலைந்து மணி நேரம் ஊறவையுங்கள். தண்ணீர் பழுப்பாகும், தோலின் கசப்பில் கொஞ்சம் அதோடு போய்விடும், அதைக் கொட்டிவிட்டு நன்றாக ஈரம் துடையுங்கள். மிக்சியில் ஓட விடாதீர்கள், எடையில் பாதிக்கு மேல் கொழுப்பு இருக்கிற பருப்பு, எண்ணெய் விட்டுக் களியாகிவிடும். கத்தியால் பொடியாக நறுக்கி உப்பு, பூண்டு, எலுமிச்சை, பச்சைக் கொத்தமல்லி சேர்த்தால் போதும். அந்த லேசான கசப்பும் இலையின் புளிப்பும் சேரும்போது வருகிற ருசி எந்தக் கறியிலும் கிடையாது, அதைப் போய் ஏன் அம்மா மறைக்கிறீர்கள்?

வீட்டில் கறி கேட்பவர்கள் கறியே சாப்பிடட்டும். நீங்கள் தட்டை மேசையில் வையுங்கள். இது என்ன என்று யாராவது கேட்டால் வால்நட் என்று சொல்லுங்கள்.